கதை திரும்பும் இடத்தில் பெரியப்பா

குணச்சித்திர நடிகர் என்றொரு இனம் உண்டு. கதாநாயகனுக்கும் கும்பலுக்கும் நடுவே வசிப்பது. முகத்தைப் பார்த்தால் உங்களுக்கு உடனே தெரியும். பெயரைக் கேட்டால் நெற்றியைத் தேய்ப்பீர்கள். "அதாங்க, அந்தப் படத்துல கண்ணாடி போட்டுக்கிட்டு வருவாரே" என்று ஆரம்பித்து, படத்தின் பெயரும் நினைவுக்கு வராமல், கண்ணாடியோடு நிறுத்திக்கொள்வீர்கள்.

நீங்கள் அப்படி நிறுத்திக்கொண்ட ஒருவர் என் வீட்டுக்கு மேல்மாடியில் குடியிருக்கிறார். சினிமாக்காரர்கள் அவரைப் பெரியப்பா என்பார்கள். வயதுக்கு மரியாதை என்று நினைத்துவிடாதீர்கள். அது உத்தியோகம். மின்சார அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்துகொண்டு, ஆண்டு விழா நாடகங்களில் தலைகாட்டிக்கொண்டிருந்தவரை யாரோ ஒரு இயக்குநர் பார்த்து, தம்பியின் சொத்தை ஏமாற்றி எழுதி வாங்கும் அண்ணன் வேடத்தைக் கொடுத்தார். பத்திரத்தை நீட்டிக்கொண்டே மனிதர் ஒரு சிரிப்புச் சிரித்தார் பாருங்கள், அந்தச் சிரிப்பே அவர் தலையெழுத்தாகிவிட்டது. அன்றிலிருந்து படத்துக்குப் படம் கதாநாயகனின் பெரியப்பா. எத்தனை தம்பிகளை நடுத்தெருவில் நிறுத்தினார் என்று அவருக்கே தெரியாது. சொந்தத் தம்பிக்கோ, ஊருக்குப் போகும்போதெல்லாம் ரயிலில் ஜன்னலோர இருக்கையை விட்டுக்கொடுக்கிற ஆள்.

இந்த இனத்தின் குணங்களைக் கேளுங்கள். காலையிலேயே முகத்தில் பூச்சுப் பூசி உட்காரவைப்பார்கள். "சார், ரெடியா இருங்க, அடுத்தது உங்க ஷாட்தான்" என்பார் உதவி இயக்குநர். மத்தியானமும் அடுத்தது அவர் ஷாட்தான். சாயங்காலம் விளக்குகளைக் கழற்றுவார்கள். அதே பூச்சோடு பேருந்தில் வீட்டுக்கு வருவார். வந்ததும் மனைவியிடம், இன்றைக்கு எடுக்காமல் விட்டதற்குக் காரணம் தன் காட்சி அத்தனை முக்கியமானது, அதை அவசரமாக எடுக்க இயக்குநருக்கு மனம் வரவில்லை என்று விளக்குவார். எந்த வேடமானாலும், "சின்ன ரோல்தான். ஆனா கதையே அங்கதான் திரும்புது" என்பார். ஒரு படத்தில் அவர் சுவரில் மாட்டிய புகைப்படமாக மட்டும் வந்தார். கதை அங்கேயும் திரும்பியதாம்.

கடைத்தெருவில் கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டுதான் நடப்பார், யாரும் அடையாளம் கண்டுகொள்ளக் கூடாதென்று. யாரும் கண்டுகொள்ளவில்லையென்றால் கண்ணாடியைக் கழற்றித் துடைப்பார். அதற்கும் மசியாவிட்டால் பழக்கடைக்காரரிடம் குரலை உயர்த்தி விலை கேட்பார். ஒருமுறை ஒருவர் ஓடிவந்து கையைப் பிடித்துக் குலுக்கினார். தன் மகனுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுத்த வாத்தியார் என்று நினைத்துவிட்டாராம். இவரும் மறுக்கவில்லை. பையன் எப்படி இருக்கிறான் என்று விசாரித்துவிட்டு வந்தார்.

இப்படிப்பட்டவருக்கு ஒரே மகள். அவள் தன்னோடு வேலை பார்க்கும் பையனைக் கட்டிக்கொள்ளப் போகிறேன் என்றதும் வீட்டில் ஒரு சத்தமும் எழவில்லை. எழுந்தது பையன் வீட்டில். அவன் அம்மா தையல்கடை வைத்துப் பிள்ளையை வளர்த்தவர், கணவனை இளவயதிலேயே இழந்தவர். அந்த அம்மாளை அவருடைய கணவனின் அண்ணன், கைக்குழந்தையோடு வெளியே நிறுத்திவிட்டு வீட்டை எடுத்துக்கொண்டாராம். பெண்ணின் அப்பா யாரென்று கைபேசியில் படத்தைப் பார்த்ததும் அந்த அம்மாள் சொன்னது ஒரே வாக்கியம்: "இந்த மூஞ்சி உள்ள வீட்ல நான் சம்பந்தம் பண்ண மாட்டேன்."

நடிப்பு வேறு, மனிதர் வேறு என்று பையன் எவ்வளவோ எடுத்துச் சொன்னான். கடைசியில், ஒரு தடவை வந்து பார்க்கிறேன், அவ்வளவுதான் என்று அந்த அம்மாள் இறங்கிவந்தார்.

மேல்மாடி அல்லோலகல்லோலப்பட்டது. கூட ஒரு நல்ல மனிதர் இருந்தால் நல்லது என்று என்னையும் அழைத்தார்கள். மகள் அப்பாவிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்: "இன்னிக்கு மட்டும் நடிக்காம இருங்கப்பா." அவரும் தலையாட்டினார். ஆனால் நடிக்காமல் எப்படி இருப்பது என்று அவருக்கு யார் சொல்லிக்கொடுத்தார்கள்? கண்ணாடி முன் நின்று நல்லவராக நடிக்கப் பழகிக்கொண்டிருந்தார். பாவம், அந்த வேடம் அவருக்கு யாருமே கொடுத்ததில்லை.

அந்த அம்மாள் மகனோடு வந்தார். நாற்காலியின் நுனியில், கைப்பையை மடியிலிருந்து இறக்காமல் உட்கார்ந்தார். நம்மவர் பழச்சாற்றுக் கோப்பையை இரண்டு கையாலும் நீட்டி, தன்னிடமுள்ள மிகக் கனிவான சிரிப்பைச் சிரித்தார். சாட்சாத் பத்திரம் நீட்டுகிற அதே சிரிப்பு. அவரிடம் இருந்ததே அது ஒன்றுதான். அந்த அம்மாள் கோப்பையைத் தொடவில்லை. மகள் சுவரைப் பார்த்தாள். பையன் தரையைப் பார்த்தான். நான் வானிலையைப் பற்றி ஏதோ சொன்னேன். யாரும் எடுத்துக்கொள்ளவில்லை.

கொஞ்ச நேரம் கழித்து அந்த அம்மாள் ஒரு படத்தைச் சொன்னார். அதில் இவர் தம்பி மனைவியை வீட்டைவிட்டு அனுப்பிவிட்டுக் கதவைப் பூட்டுவார். தியேட்டரில் அதற்கு மேல் பார்க்க முடியாமல் பாதியில் எழுந்து வந்துவிட்டேன் என்றார். பிறகு தயங்கி, கடைசியில் அந்த ஆளுக்கு என்ன ஆனது என்று கேட்டார்.

நம்மவரின் சிரிப்பு அப்போதுதான் கழன்றது.

"போலீஸ் புடிச்சுக்கிட்டுப் போகும்மா. படத்துல அவ்வளவுதான் இருக்கும்," என்றார். "ஆனா அவன் வந்து மன்னிப்பு கேக்கற மாதிரி ஒரு சீன் எடுத்தாங்க. நல்லாத்தான் வந்துச்சு. படம் நீளமா இருக்குன்னு வெட்டிட்டாங்க."

இது எனக்குத் தெரியாது. அவர் மனைவிக்கும் தெரியாதென்பது கணவரை அவர் திரும்பிப் பார்த்த விதத்திலேயே தெரிந்தது. தன் காட்சிகளைப் பற்றி ஊரெல்லாம் பேசுகிற மனிதர், இந்த ஒன்றைப் பற்றி மட்டும் வாய் திறந்ததில்லை.

"என்னன்னு மன்னிப்பு கேட்டாரு?" என்றார் அந்த அம்மாள்.

நம்மவர் எழுந்திருக்கவில்லை. குரலை உயர்த்தவில்லை. கைகளை எங்கே வைத்துக்கொள்வது என்றுகூட யோசிக்கவில்லை.

"வீட்டை எடுத்துக்கிட்டேன். பூட்டையும் மாத்தினேன். நீ புள்ளையோட வெளிய நின்னப்போ நான் உள்ள இருந்து ஜன்னல் வழியா பாத்துக்கிட்டுதாம்மா இருந்தேன். பாக்காத மாதிரி இருந்துட்டேன். நீ மன்னிக்கணும்னு வரல. தப்பு என்மேலதான்னு என் வாயால ஒரு தடவை சொல்லணும், அதுக்குத்தான் வந்தேன்."

அந்த அம்மாள் கைப்பையைத் திறந்து கைக்குட்டையைத் தேடினார். கிடைத்தும் துடைத்துக்கொள்ளாமல் அதைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பிறகு, "எங்க மூத்தார் இதைச் சொல்லாமலே போய்ச் சேந்துட்டாரு," என்றார். கைப்பையை மடியிலிருந்து எடுத்துப் பக்கத்தில் வைத்தார். கோப்பையை எடுத்துக் குடித்தார்.

அவர்களை வழியனுப்பக் கீழே வந்தபின் நான் நம்மவரிடம், வாழ்நாளில் இப்படி ஒரு நடிப்பைப் பார்த்ததில்லை என்றேன். முகம் மலர்ந்துவிட்டது மனிதருக்கு. "முகத்துல வெளிச்சம் சரியா விழுந்துச்சா?" என்று கேட்டார்.

கல்யாணம் நல்லபடியாக நடந்தது. அங்கே சம்பந்தியம்மாள் இந்தக் கதையைத் தன் உறவினர்களுக்குச் சொல்லிக்கொண்டிருந்தார். நானும் நைசாகப் பக்கத்தில் போய் நின்றேன். சிரிப்பு வந்தது, பழச்சாறு வந்தது, மன்னிப்பு வந்தது, எல்லாரும் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். நான் எங்கே வந்தேன் தெரியுமா? "அப்ப யாரோ ஒருத்தர் மழை வருமான்னு கேட்டாரு." அவ்வளவுதான். என்னைக் கேட்டால், அன்றைய இறுக்கம் முதலில் தளர்ந்ததே அங்கேதான். சம்பந்தியம்மாள்தான் அதைக் கவனிக்கவில்லை.

சிரியுங்கள், தாராளமாகச் சிரியுங்கள். ஆனால் அடுத்தமுறை உங்கள் உயிர் நண்பர் நாலு பேரை உட்காரவைத்துத் தன் வாழ்க்கைக் கதையைச் சொல்லும்போது, கதவுக்குப் பின்னால் நின்று கொஞ்சம் கேட்டுப் பாருங்கள். நீங்கள் எப்போது வருகிறீர்கள் என்று காத்திருங்கள். நாற்காலி ஒன்று போட்டுக்கொள்வது நல்லது.