உள்ளே வந்த பீரோ

"கதவை விட பீரோ பெரிசு மச்சான்!"

"கதவு சின்னதுன்னு சொல்லு. பீரோவைக் குத்தம் சொல்லாதே!"

"உள்ளே வந்தது வெளியே போகாதா?"

"வந்ததை நீ பார்த்தியா?"

நெட்டை பார்க்கவில்லைதான். அவனும் அவன் மனைவியின் அண்ணன் கட்டையும், பீரோ செய்யச் சொல்லித் தங்கள் மரச்சாமான் கடைச் சாவியைத் தச்சரிடம் கொடுத்துவிட்டுப் பத்து நாள் வெளியூர் போயிருந்தார்கள். திரும்பி வந்தால், தச்சரைக் காணோம். பீரோ மட்டும் உத்தரத்தை உரசிக்கொண்டு மலை மாதிரி நின்றது. கட்டை செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் கிட்டே போனான்.

நாலு மணிக்குப் பீரோவை வாங்குகிற அம்மா வருகிறார். மூன்று மாதத்தில் முதல் வியாபாரம். "இதுவும் போகலைன்னா கடைக்கு முழுக்கு. நீ உன் வழி, நான் என் வழி" என்று கட்டை காலையிலேயே சொல்லிவிட்டான். நெட்டைக்குக் கடையை விட்டால் வேறு வழியே கிடையாது.

கதவைக் கழற்றினார்கள். ஒரு முழம் இடித்தது. நிலையைப் பெயர்த்தார்கள். கூடவே மூன்று செங்கல் வந்தது.

"மூணு போனது போச்சு, இன்னும் முப்பது போகட்டும்!" கட்டை கடப்பாரையை ஓங்கினான்.

முன்சுவர் மொத்தமாக உட்கார்ந்தது. உத்தரம் முனகிக்கொண்டே இறங்கி, பீரோவின் தலையில் அமர்ந்தது. புழுதி அடங்கியது. பீரோ ஒரு கிரீச்சுகூடச் சொல்லவில்லை.

"மாப்ளே... கூரையையே தாங்குது!"

"மனுஷன் செஞ்சதா மச்சான் இது?"

இருவரும் தங்களை அறியாமல் கைகட்டி நின்றார்கள்.

"இப்ப எடுத்தா கூரை தலையில."

"எடுக்கலைன்னா கடைக்குத் தலைமுழுக்கு."

அதற்குள் அந்த அம்மா வந்துவிட்டார். கூடவே வண்டிக்காரர். ஏற்றுகிற வேலையைப் பார்க்க அவர் நேரே பீரோவுக்குப் பின்பக்கம் போய்விட்டார். அந்த அம்மா தெருவிலேயே நின்று, நெஞ்சில் கை வைத்தார்.

"அடேயப்பா! ஒத்தை பீரோ ஒரு கடையையே தூக்கி நிறுத்தியிருக்கே! இது இங்கேயே இருக்கட்டும். நாலு பேர் வந்து பார்க்கணும். எனக்கு இதே மாதிரி ரெண்டு செஞ்சு குடுங்க."

கட்டை நெட்டையை இடுப்போடு கட்டிக்கொண்டான். "கடையை மூடலை மாப்ளே! இனி எவன் சொன்னாலும் மூடலை!"

நெட்டைக்குக் கண் கலங்கிவிட்டது.

பீரோவுக்குப் பின்னாலிருந்து வண்டிக்காரரின் குரல் வந்தது.

"அண்ணே, இது பாகம் பாகமாக் கழட்டி மாட்டுற பீரோ. மொத்தமே நாலு போல்ட்டுதான். மூணைக் கழட்டிட்டேன், நாலாவதையும் கழட்டிடட்டுமா?"