ஆமை முத்திரைப் பெட்டிகள்

தாழ்க்கரை என்றொரு நாடு. நடுவே ஆறு, இரு கரையிலும் மக்கள். சேதி எல்லாம் படகில், பெட்டியில்தான் போகும். அனுப்புகிறவர் தம் பூட்டைப் போட்டு அனுப்புவார். பெறுகிறவர் அதன் பக்கத்திலேயே தம் பூட்டையும் மாட்டித் திருப்பிவிடுவார். முதலாமவர் தம் பூட்டை மட்டும் கழற்றி மறுபடி அனுப்ப, பெறுகிறவர் தம் சாவியால் திறந்துகொள்வார். யார் சாவியும் யார் கைக்கும் போகாது. சேதி வேண்டாதவர் பூட்டு மாட்டாமலே திருப்பிவிடுவார். அதற்கு மொட்டைப் பெட்டி என்று பெயர்.

மாமன்னர் மணிமுடியாருக்கு இது உறுத்தியது. "திருடனும் பெட்டி அனுப்புவானே?"

காவல் அமைச்சர் வீறுடையார் தொண்டையைச் செருமினார். "பெட்டிக்குப் பெட்டி பின்கதவு வைப்போம், மன்னா. எல்லாவற்றுக்கும் ஒரே சாவி. அது நல்லவர்களிடம் மட்டுமே இருக்கும்."

நல்லவர் யார் என்று சபையில் எவரும் கேட்கவில்லை. அமைச்சர் சொல்வது தம்மைத்தான் என்று அவரவர் நினைத்துக்கொண்டார்கள்.

அமைச்சர் ஒரு நகல் எடுத்துத் துணை அமைச்சருக்குத் தந்தார். அவர் மைத்துனருக்குத் தந்தார். ஆடி பிறப்பதற்குள் சந்தையில் கொத்தமல்லிக் கட்டுக்குப் பக்கத்திலேயே சாவி கிடைத்தது. வைத்தியருக்குச் சொல்லியனுப்பிய மூலநோய் தெருவுக்கே தெரிந்தது. பேசி முடித்த கல்யாணங்கள் முறிந்தன. திருடர்கள் மட்டும் பின்கதவில்லாத பழைய பெட்டியிலேயே சேதி அனுப்பிக்கொண்டிருந்தார்கள்.

மன்னருக்கு வேறு கவலை. சபையில் அரசி குமுதவல்லி பாடும்போது அவர் கொட்டாவி விட்டுவிட்டார். அரசி அக்கரையில் தாய்வீடு போய்விட்டாள். மன்னர் உருகி உருகி மன்னிப்பு எழுதிப் பெட்டியில் வைத்தனுப்பினார்.

திரும்பி வந்தது மொட்டைப் பெட்டி.

"பின்ன என்ன ராசா?" என்றாள் படகோட்டி செல்லாயி. "'என் நெல்லிக்கனியே'ன்னு நீங்க எழுதினத சந்தையில ராகம் போட்டுப் படிக்கிறாங்க. ஊரு படிச்ச மன்னிப்பு எனக்கெதுக்குன்னுட்டாங்க அரசியம்மா."

அன்றே புது ஆணை பிறந்தது: ஆமை முத்திரை இட்ட அரண்மனைப் பெட்டிகளுக்குப் பின்கதவு கிடையாது. மன்னர் புதுப் பெட்டியில் புது மன்னிப்பை வைத்துப் பூட்டி அனுப்பினார்.

மறுநாள் படகு நிறையப் பெட்டிகள் வந்திறங்கின. எல்லாவற்றிலும் ஆமை. மக்கள் சாயம் வாங்கித் தாங்களே வரைந்திருந்தார்கள்.

"இதில் அரண்மனைப் பெட்டி எது?" என்றார் மன்னர்.

"தெரியவில்லை, மன்னா" என்றார் வீறுடையார்.

"திறந்து பாருமய்யா!"

"ஆமைக்குப் பின்கதவு கிடையாதே. தங்கள் ஆணை."

மன்னர் மணிமுடியைக் கழற்றி வைத்துவிட்டுத் துறையில் சம்மணமிட்டார். தம் சாவியை ஒவ்வொரு பூட்டிலும் நுழைத்துப் பார்த்தார். வெயில் ஏறியது. கடைசியில் ஒரு பூட்டு திறந்தது. அதன் பக்கத்தில் சின்னதாய் இன்னொரு பித்தளைப் பூட்டு தொங்கியது. அரசியின் பூட்டு! மன்னருக்குக் கண் நிறைந்துவிட்டது.

வீறுடையார் குனிந்து, "உள்ளே என்ன எழுதியிருக்கிறீர்கள், மன்னா? நாட்டின் பாதுகாப்புக்காகக் கேட்கிறேன்" என்றார்.

மன்னர் பெட்டியை மார்போடு அணைத்துக்கொண்டார். "அது என் சொந்த விஷயம்யா!"

"எங்களுக்கும் அதேதான் ராசா!" என்றது படகுத்துறை மொத்தமும்.