நாய்வரியை எதிர்த்துக் கனகலிங்கக் கிராணியார் நீதிமன்றம் ஏறப் புறப்பட்ட படலம்

வாழி, பேரேடு சுமந்த பெருந்தோளான்! வாழி, கோலசிலாங்கூர் ரப்பர்க்காட்டின் நடுவே பதினெட்டு ஆண்டுகள் விடியலில் ஆள் எடுக்கும் பெரட்டில் பெயர் எழுதியும் ஓர் எழுத்தையும் அடித்துத் திருத்தாத திருக்கரத்தான், யாழ்ப்பாணம் ஈன்ற நெடுங்குடைச் செம்மல், கனகலிங்கக் கிராணியார்! கலைவாணியே, கணபதியே, தோட்டத்து முள்வேலிக்குக் காவல் நிற்கும் சகல தேவதைகளே, இவ்வீரனின் பெரும்போரைப் பாடப் புகுந்த எம் நாவுக்குத் துணை நில்லுங்கள்!

போருக்கு மூலம் ஒரு நாய். டைகர் என்னும் நாமம் பூண்ட அந்த நாலுகால் துரோகி, துப்பாக்கி ஏந்திப் பதுங்கித் திரிந்த காட்டுக்காரர்களைத் தேடித் தோட்டத்துக்குள் வந்த பட்டாளத்தாரின் டின் இறைச்சிக்கு மயங்கி, ஆறாண்டு தின்ற சோற்றை மறந்து, அவர்களுடைய லோரியிலேயே ஏறிப் போய்விட்டது. நாய் போயிற்று, நாய்வரி போகவில்லை. இரண்டு வெள்ளி கேட்டு நோட்டீசு வந்தது. கிராணியார் அதைக் கிழித்தெறிந்தார். நாய்வரி ஆபீசார் வந்து அவருடைய சைக்கிளை ஜப்தி செய்து கொண்டுபோனார்கள். சனிக்கிழமை ஏலம். சைக்கிள் இல்லையேல் மூன்று மைல் தள்ளியிருந்த இரண்டாம் டிவிஷன் பெரட்டுக்கு விடியுமுன் போய்ச் சேர முடியாது, சேராவிட்டால் துரை அந்த வேலையை வேறொருவனுக்குக் கொடுத்துவிடுவார்.

“இஞ்சேருங்கோ, அந்த ரெண்டு வெள்ளியைக் கட்டிப்போட்டுச் சைக்கிளைக் கொண்டு வாங்கோவன்” என்றாள் மனைவி வாகீஸ்வரி.

“இல்லாத நாய்க்கு வரியோ? கோர்ட்டிலை கதைக்கிறன்! கூரை அதிரக் கதைக்கிறன்!” என்று முழங்கினான் அவ்வேந்தன்.

முழங்கியவன் சும்மா இருப்பானா? இருபத்திரண்டு பக்கத்தில் வாதவுரை வடித்து, கல்யாணக் கோட்டைத் தரித்து, குடையை வேலென ஏந்தி, வெள்ளிக்கிழமை காலை பட்டணம் நோக்கிப் படையெடுத்தான். வேலி வாசலில் சோற்றுப் பொட்டலத்தைப் பறிகொடுத்தான், ஏனெனில் காட்டுக்காரர்கள் கைக்குப் போய்விடுமென்று அக்காலத்தில் ஒரு பருக்கைகூட வேலிக்கு வெளியே போகக் கூடாது. பசித்த புலியாக நீதிமன்றப் படியேறி நின்றவனை, எலும்பும் தோலுமான குமாஸ்தா சில்வெஸ்டர் ஒரு விரலால் நிறுத்தினார்.

“கிராணி ஐயா, மொதல்ல நாய்வரி ஆபீசுல ஆட்சேபம் போடணும் லா. அவங்க தள்ளினா கமிட்டிக்கு அப்பீல். கமிட்டியும் தள்ளுனாத்தான் இங்க வரலாம்.”

அச்சொல் அம்பாய்த் தைத்தது. தோட்டத்து ஆபீசு ஜன்னலுக்கு முறையிட வந்த பால்மரத் தொழிலாளர் அத்தனை பேரையும், “முதல்ல மண்டோரிட்டைச் சொல்லிப்போட்டு வா” என்று வேலை மேற்பார்ப்பவனிடமே பதினெட்டு ஆண்டுகளாகத் தாம் திருப்பியனுப்பிய தனிப்பெரும் தர்மம் அல்லவா அது! கிராணியாருக்குக் காது சுட்டது, வெட்கமாகவும் இருந்தது. ஆனாலும் முறை என்றால் முறைதான். உடனே போர்த்தந்திரம் ஒன்று பிறந்தது: இரண்டு இடத்திலும் விரைந்து தோற்பது, தோற்று நீதிமன்றம் ஏறுவது!

நாய்வரி ஆபீசில் இருபத்திரண்டு பக்கத்தில் ஒன்றையும் வெளியே எடுக்கவில்லை. நீதிபதிக்கென்று தீட்டிய வாளை ஒரு குமாஸ்தாவின் மேசையில் உருவுவதா? தோல்வியை வேண்டி, மூன்றே சொல்லில் ஆட்சேபம் எழுதி நீட்டினார்: ‘நாய் என்னிடம் இல்லை.’

குமாஸ்தா நாராயணசாமி படித்தார். “நாய் இல்லையா? அப்ப வரியும் இல்ல லா. நோட்டீசு வந்தப்பவே சொல்லியிருந்தா சைக்கிள எடுத்திருக்கவே மாட்டோமே!”

கிராணியார் முகம் வெளிறியது. “தம்பி, ஒருக்கால் தள்ளுபடி எண்டு எழுதித் தாரும். நான் கோர்ட்டுக்குப் போகவேணும்.”

“தள்ள என்னங்கய்யா இருக்கு? கையெழுத்துப் போட்டு சைக்கிள எடுத்துக்கிட்டுப் போங்க.”

அந்தோ! எதிர்த்து நிற்க எதிரியின்றி, எய்வதற்குக் குறியின்றி, இருபத்திரண்டு பக்க இடிமுழக்கமும் கோட்டுப் பையிலேயே அடங்கிப்போக, வென்றதனாலேயே வீழ்த்தப்பட்ட அவ்வெற்றிவேந்தன், கன்னங்களில் நீர் வழிய, விண்ணையும் மண்ணையும் ஒருமுறை நோக்கி, மீட்ட தன் இருசக்கரத் தேரை இருகரத்தாலும் பற்றினான்.

டயரில் காற்று இல்லாததால் தள்ளிக்கொண்டே வீட்டுக்குப் போனார்.