எழுத்துமூலமும் என் பெருஞ்சிரையும்

என் மார்புக்குள் மேற்பெருஞ்சிரை கிழிந்துவிட்டது என்று ஒரு திங்கட்கிழமை காலை பத்தரை மணிக்கு நான் மனப்பூர்வமாக நம்பினேன். நம்பியதோடு நிற்காமல் அதற்கு மெடிக்கல் ‘கோட்’ எண்ணும் போட்டேன். அதைக் கையும் களவுமாகப் பிடித்தவர் எங்கள் ஆபீஸ் ஆடிட்டர்; நாங்கள் வைத்த பெயர் ‘எழுத்துமூலம்’. காகிதத்தில் இல்லாத எதையும் நம்பாத ஒரே ஜீவன் இந்தப் பூமியில் அவர்தான். தொப்பலாக நனைந்துகொண்டே, “மழைன்னு எங்க எழுதிகீது?” என்று கேட்கக்கூடியவர்.

புனேயில், பாணேரில் எங்கள் ஆபீஸ். அமெரிக்க டாக்டர்கள் எழுதும் ‘சார்ட்’ என்னும் நோயாளிக் குறிப்பைப் படித்து ஒவ்வொரு காயத்துக்கும் உரிய ‘கோட்’ எண்ணைப் போடுவது எங்கள் பிழைப்பு. எந்த உறுப்பு, எந்தப் பக்கம், சின்னக் கிழிசலா பெரிசா, முதல் சிகிச்சையா தொடர் சிகிச்சையா, எல்லாம் அதில் அடங்கிவிடும். டாக்டர் எழுதாததை நாங்கள் போடக் கூடாது. போட்டால் சரிபார்க்கும் எழுத்துமூலம் தோலை உரித்துவிடுவார். வேலூரிலிருந்து வந்த குடும்பம்; இங்கே புனேயின் தாபோடியிலேயே பிறந்து வளர்ந்தவர். வேலூர்த் தமிழில் இந்தியைக் குழைத்துத் திட்டுவார்.

பக்கத்து சீட் பிரகாஷ் கல்யாணப் பத்திரிகையை நீட்டியபோது, வாழ்த்துவதற்கு முன் அவர் கேட்டது: “முதல் தடவையா, ஃபாலோ-அப்பா?”

பல்வலி என்று லீவு கேட்ட பெண்ணை, “மேலயா கீழயா, லெஃப்டா ரைட்டா? ஒண்ணுமே எழுதாம வலிக்குதுன்னா எப்படிமா?” என்று அழவைத்தார். பாதி அழுகை பல்வலிக்கு என்று அவர் கட்சி.

அப்போது எனக்கு இரண்டு வாரமாகக் கார் விபத்துக் கேஸ்கள். ஸ்டியரிங் மார்பில் இடித்து, உடம்பின் மேல்பாதி ரத்தத்தை இதயத்துக்குக் கொண்டுவரும் அந்தப் பெருஞ்சிரை கிழிந்தவர்களைப் பற்றியே படித்துக்கொண்டிருந்தேன். அந்தத் திங்களன்று நான் வந்த ரிக்ஷா திடீர் பிரேக் போட, டிரைவர் சீட்டுக்குப் பின்னால் இருக்கும் கம்பியில் என் மார்பு ‘ணங்’கென்று மோதியது. மற்றவர்கள் என்றால் ஒரு கெட்ட வார்த்தையோடு முடித்திருப்பார்கள். நான் படித்தவன். ஆபீஸ் வந்து, வலிக்கும் இடத்தைத் தடவிப் பார்த்து, திரையில் தட்டினேன்: எஸ் இருபத்தைந்து, புள்ளி, இரண்டு ஒன்று. மேற்பெருஞ்சிரையில் சிறு கிழிசல். கடைசியில் ‘ஏ’, முதல் சிகிச்சை. பிறகு வேர்க்கத் தொடங்கியது.

“இன்னாபா இது? சார்ட் எங்க?” பின்னால் எழுத்துமூலம்.

“நான்தாண்ணா சார்ட்.”

“டாக்டர் எழுதினாரா?”

“இல்லண்ணா. ஆனா கிழிஞ்சிருக்கு. எனக்குத் தெரியுது.”

“சந்தேகத்துக்கெல்லாம் கோட் கிடையாது. டெலீட் பண்ணு.”

“அண்ணா, நான் சாகப்போறேன்!”

“எங்க எழுதிகீது?”

சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்த்தார். சட்டை நனைந்திருந்ததையும் பார்த்தார். “சல், எழுத வெப்போம் வா” என்று கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு கிளம்பினார். ரிக்ஷாவில் முன் கம்பிக்கும் என் மார்புக்கும் நடுவே தன் சாப்பாட்டுப் பையைச் செருகினார். ஒவ்வொரு பள்ளத்துக்கும் டிரைவரிடம், “அரே பாய், ஆராம்ஸே!” என்று கத்தினார். நானோ என் மனைவிக்குச் சொல்லாமல் விட்டவற்றை வரிசைப்படுத்திக்கொண்டிருந்தேன். எல்லாம் சமையல் கேஸ் சிலிண்டர் புக்கிங், அபார்ட்மென்ட் தண்ணீர் டேங்க் விஷயங்கள்தான்.

ஆஸ்பத்திரி அவசரப் பிரிவில் நான் அலறிய அலறலில் டாக்டரம்மா, ‘மார்பு வலி, பெருஞ்சிரைக் காயம்’ என்று எழுதி ஒரு கேள்விக்குறி போட்டார். எழுத்துமூலம் தாளில் விரலை ஊன்றினார்.

“மேடம், யே கொஸ்டின் மார்க் நஹி சலேகா. ஹை யா நஹி?” காயம் இருக்கிறதா இல்லையா, ஒன்றை எழுதியாக வேண்டும் அவருக்கு.

“காகா, தும்ஹி பாஹேர் பஸா!” டாக்டரம்மா கதவைக் காட்டினார். அவ்வளவு பெரிய ஆடிட்டர் வெளியே போய் உட்கார்ந்தார்.

ஸ்கேன் முடிந்து ரிப்போர்ட் வந்தது. பெருஞ்சிரை பத்திரம். மார்பின் வலது பக்கம், தோலுக்கடியில் கன்றிப்போயிருந்தது. மாத்திரை, ஐஸ் ஒத்தடம், வீட்டுக்குப் போகலாம்.

எழுத்துமூலம் அந்த ரிப்போர்ட்டை மூன்று தடவை படித்தார். தப்பு எதுவும் கண்டுபிடிக்கவில்லை. தண்ணீர் பாட்டிலை எடுத்தவர், மூடியை எதிர்ப்பக்கமாகத் திருகித் திருகி இன்னும் இறுக்கிக்கொண்டிருந்தார். நான்தான் வாங்கித் திறந்துகொடுத்தேன்.