குல்லா முடியவில்லை, காதுகுத்தைத் தள்ளி வை

கம்பம்,
தை 5

அன்புத் தங்கை உமாதேவிக்கு, அண்ணன் சண்முகராஜ் திராட்சைப் பந்தலுக்குக் கீழே உட்கார்ந்து எழுதிக்கொள்வது. இங்கே நான், உன் மதினி ராமுத்தாய், பசு, கன்றுக்குட்டி அனைவரும் நலம். அங்கே வண்டன்மேட்டுக் குளிரில் மாப்பிள்ளை ஈஸ்வரபாண்டி, உன் மாமியார் சோணையம்மாள் அத்தை, மூத்தவன், வருகிற பதினைந்தாம் தேதி மொட்டை போட்டுக் காது குத்திக்கொள்ளப் போகும் என் சின்ன மருமகள் யாழினி அனைவரும் நலமாக இருக்கச் சாமியைக் கும்பிட்டுக்கொள்கிறேன்.

போன் இருக்கும்போது எதற்கு லெட்டர் என்று நினைப்பாய். போனில் பேசினால் நீ ஸ்பீக்கரில் போடுகிறாய். போன மாதம் அப்படிப் போட்டதில்தான் எனக்கு இந்தக் கதி. "அண்ணே, சீர்செனத்தி ஒண்ணும் வேணாம். மொட்டத் தலையோட புள்ள இந்தக் குளிரத் தாங்காது, ஒரு கம்பளிக் குல்லா மட்டும் கொண்டா. நேரத்துக்கு வந்து அவள மடியில வச்சுக்க, அது போதும்" என்றாய். சரி என்று நான் போனை வைத்திருக்கலாம். பின்னாலிருந்து அத்தை, "அந்தத் தம்பி எங்கிட்டு நேரத்துக்கு வரப்போகுது" என்றது காதில் விழுந்துவிட்டது. ரோஷம் பொத்துக்கொண்டு வந்து, குல்லாவை என் கையாலேயே பின்னிக் கொண்டுவருகிறேன், அதுவும் திராட்சைக் கொத்து மாதிரி புடைப்புப் புடைப்பாக என்று சொல்லித் தொலைத்தேன்.

அத்தையைக் குறை சொல்ல மாட்டேன். மூத்தவன் காதுகுத்துக்கு, திராட்சை லோடை ஏற்றிவிட்டு இதோ வருகிறேன் என்று சொன்னவன், வந்து இறங்கும்போது பந்தியில் பாயசம் தீர்ந்துவிட்டது. பெரியப்பா மகன் ராக்கையா மடியில் வைத்து அவனுக்குக் காது குத்தி முடித்திருந்தார்கள். நீ என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. இலை போட்டுச் சோறு வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாய். அன்றைக்குத் திட்டியிருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும். ராக்கையா பயல் இன்றும் டீக்கடையில் என்னைக் கண்டால், "தாய்மாமன் மடின்னா இதுய்யா" என்று தொடையைத் தட்டிக் காட்டுகிறான்.

பக்கத்து வீட்டு பிலோமினா டீச்சரிடம் போய்க் கற்றுக்கொண்டேன். இரண்டு ஊசியை ஒரு வயரால் இணைத்த வட்ட ஊசி ஒன்று கொடுத்தார்கள். தையலே இல்லாமல் சுற்றிச் சுற்றிப் பின்னிக்கொண்டே போகவேண்டுமாம். நூல் கண்ணிகளை ஊசியில் ஏற்றி இரண்டு நுனியையும் சேர்க்கும்போது முறுக்கு விழக்கூடாது என்று மூன்று தடவை சொன்னார்கள். மூன்று தடவையும் தலையை ஆட்டினேன். ஆனால் முப்பது வருஷமாக இந்தக் கை என்ன செய்திருக்கிறது? திராட்சைக் கொடியைக் கம்பியில் கட்டும்போது நடுவில் ஒரு முறுக்குக் கொடுத்துத்தானே கட்டும், இல்லையென்றால் கொடி பருக்கும்போது கம்பி அறுத்துவிடுமே! நான் முறுக்கக்கூடாது என்று நினைத்துக்கொண்டிருக்கும்போதே கை முறுக்கிவிட்டது. அது தெரியாமல் பத்து நாள் பின்னினேன். கொண்டுபோய்க் காட்டினால் டீச்சர் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "அண்ணே, இதுல உள்பக்கம் எது, வெளிப்பக்கம் எதுன்னு நீங்களே சொல்லுங்க" என்றார்கள். விரலை வைத்துத் தடவிக்கொண்டே போனேன். வெளியே கிளம்பிய விரல் உள்ளே போய், மறுபடி வெளியே கிளம்பிய இடத்துக்கே வந்து நின்றது. ராமுத்தாய் அதை வாங்கிக் கன்றுக்குட்டியின் கழுத்தில் மாட்டினாள். அதற்கு அளவெடுத்த மாதிரி இருந்தது. எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமில்லை.

இரண்டாவது குல்லாவை முறுக்கில்லாமல்தான் தொடங்கினேன். ஒரே கண்ணியில் ஐந்து கண்ணி எடுத்து, மறுபடி ஒன்றாகச் சேர்த்தால் திராட்சை மாதிரி ஒரு குமிழ் எழும்பும். நாலு வரிசைக் குமிழ் முடித்ததும் நிஜக்கொத்து தோற்றது, ஆத்தா! பெருமை தாங்காமல் முந்தாநாள் தோட்டத்துக்கு எடுத்துப்போய், பழம் வெட்டுகிற ஆட்களிடம் காட்டிக்கொண்டிருந்தேன். நடுவில் ஒரு குமிழ் மட்டும் சூம்பிக் கிடந்தது. கையில்தான் கத்தரி இருக்கிறதே. கொத்தில் சொத்தைப் பழத்தைக் கண்டால் கத்தரி கேட்டுக்கொண்டா போகும்? நறுக்கென்று வெட்டிவிட்டேன். கொத்தில் ஒரு பழம் போனால் கொத்து அழகாகும். குல்லாவில் ஒரு பழம் போனதும் பக்கத்துப் பழமெல்லாம் அதன் பின்னாலேயே கிளம்பிவிட்டது. ஆட்கள் வெட்டுவதை நிறுத்திவிட்டு ஆளுக்கொரு பக்கம் நூலைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள்.

டீச்சர் ஒட்டுப்போட்டுக் கொடுத்து, இப்போது குல்லா காதுவரை வளர்ந்திருக்கிறது. உச்சி இல்லை. பகலெல்லாம் பழம் வெட்டு, ராத்திரி மட்டும் பின்னினால் பதினைந்துக்குள் முடியாது. மொட்டைத் தலைக்கு உச்சியில்லாத குல்லா எதற்கு ஆகும், நீயே சொல். ஆகவே தங்கச்சி, அண்ணன் உன்னிடம் ஒன்றே ஒன்று கேட்கிறேன். காதுகுத்தைப் பத்து நாள், பத்தே நாள், தள்ளி வை. சாமியிடம் நான் சொல்லிக்கொள்கிறேன், அத்தையிடம் நீ சொல்லிவிடு. முடியாதென்றால் ராக்கையா மடியிலேயே வைத்துக் குத்திவிடு என்று எழுதத்தான் உட்கார்ந்தேன். பேனா ஓடமாட்டேன் என்கிறது. அந்தப் பிள்ளை காது குத்தும்போது என் சட்டையைப் பிடித்துக்கொண்டு அழவேண்டும் என்று எனக்கு ஆசையாக இருக்கிறது.

மாப்பிள்ளைக்கு என் அன்பு. அத்தைக்கு என் கும்பிடு. மூத்தவனுக்கு ஒரு முத்தம். அவன் காதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இன்னமும் கூச்சம். யாழினிக்கு இந்த மாமனின் ஆயுசையும் சேர்த்து ஆசீர்வாதம்.

இப்படிக்கு,
உன் அண்ணன் சண்முகராஜ்

பின்குறிப்பு: மேலே எழுதிய அத்தனையையும் கிழித்து அடுப்பில் போடு. கவரில் எழுத உன் வீட்டுப் பின்கோடு தேடி பீரோவைத் திறந்தால், ராமுத்தாயின் பட்டுச்சேலைக்கு நடுவில் உன் வீட்டுக் காதுகுத்துப் பத்திரிகை. அதில் தை 25 என்று போட்டிருக்கிறது! எடுத்துக்கொண்டுபோய்க் கேட்டால் உன் மதினி சிரித்துக்கொண்டே, "ஊருக்கெல்லாம் இருவத்தஞ்சு, ஒங்களுக்கு மட்டும் பதினஞ்சு. ராக்கையாவுக்குத் தெரியும், டீச்சருக்குத் தெரியும், வண்டன்மேட்டு ஜீப் டிரைவருக்குக்கூடத் தெரியும். உமாதான் ஒங்ககிட்ட மட்டும் மூச்சு விடக்கூடாதுன்னுச்சு" என்கிறாள். முதலில் கோபம்தான் வந்தது. அப்புறம் பார்த்தால், பத்திரிகையில் சாமி பேரைவிடப் பெரிய எழுத்தில் 'தாய்மாமன் சண்முகராஜ்' என்று போட்டிருக்கிறாய். இந்த மடிக்காக ஒரு ஊரையே பொய் சொல்ல வைத்திருக்கிறாயே, ஆத்தா. எழுத்து மங்கலாகத் தெரிகிறது, கண்ணாடியைத் துடைத்துவிட்டு எழுதுகிறேன். ஆனால் இருபத்தைந்தாவது நிஜத் தேதிதானா என்று எனக்கு இப்போது சந்தேகம் வந்துவிட்டது. எதற்கும் பதினைந்தாம் தேதியே முதல் ஜீப்பில் ஏறி வருகிறேன். குல்லாவின் உச்சியை அங்கே வந்து பின்னிக்கொள்கிறேன். பத்து நாளும் காது குத்தப்போகிற கோயிலில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருப்பேன். ராக்கையா வந்தால் எனக்குப் பக்கத்தில் உட்காரச் சொல்.