திருடர்கள் புகார் செய்வதில்லை

எங்கள் கம்பெனி கம்ப்யூட்டர் விளையாட்டு தயாரிப்பது. நான் புகார்ப் பிரிவு. புதிதாக வரும் குதிரை விளையாட்டை எவரும் திருட்டுக் காப்பி எடுக்காதிருக்க, அதற்குள் ஒரு பூட்டு வைக்க மேலிடம் திருவுளம் கொண்டது. அதற்கென்று ஓர் அதிகாரியும் நியமிக்கப்பட்டார்.

விளையாடுபவர் யோக்கியரா என்று பத்து நொடிக்கொரு முறை பூட்டு தலைமை அலுவலகத்தைக் கேட்கும். பதில் வரும்வரை, பள்ளம் தாண்டப் பாய்ந்த குதிரை அந்தரத்திலேயே நிற்கும். மூன்று வருடம் உழைத்து விளையாட்டை எழுதிய பெண், "குதிரை பாவம் சார்," என்றாள். அதிகாரி அதைக் குறித்துக்கொண்டார்.

விளையாட்டு வெளிவந்த நாலாம் நாள் யாரோ பூட்டை உடைத்து ஊருக்கே இலவசமாக விட்டார்கள். எனக்கு ஃபோன் வந்தது.

"காசு குடுத்து வாங்கினவன் பேசறேன். என் குதிரை காலைலேருந்து ஆகாசத்துல நிக்குது. என் மச்சான் திருட்டுக் காப்பி வச்சிருக்கான், அவனுது பிச்சுக்கிட்டு ஓடுது!"

அதிகாரியிடம் போய் மச்சான் கதையைச் சொன்னேன்.

"எத்தனை புகார்?"

"நாலாயிரம் சார்."

"அதுல திருடினவங்க எத்தனை பேர்?"

"ஒருத்தர்கூட இல்ல சார்."

"அப்ப திருட்டே நடக்கலன்னு எழுதிக்கோ."

எழுதிக்கொண்டேன்.

அடுத்த வாரம் முதலாளி பார்வையிட வந்தார். குதிரை ஓடாவிட்டால் அந்தப் பெண்ணின் பிரிவையே மூடிவிடுவதாகப் பேச்சு. அதிகாரி பொத்தானை அழுத்தினார். பெரிய திரையில் எழுத்து வந்தது: 'விளையாடுபவரின் யோக்கியதை ஐயத்துக்குரியது.'

முதலாளி காபி குடிக்கப் போன நேரத்தில் அதிகாரி என் காதைக் கடித்தார்: "அந்த மச்சான் நம்பரைப் பிடிய்யா!"

பிடித்தேன். காப்பி வந்தது. முதலில் திரையில், 'நிம்மதியாக விளையாடுங்கள். இப்படிக்கு, சுண்டெலிகள்' என்று வந்தது. பிறகு குதிரை பறந்தது.

"யாருய்யா இந்தச் சுண்டெலிங்க?" என்றார் முதலாளி, பூரித்துப் போய்.

"நம்ம பூட்டுப் பிரிவுதான் சார்," என்றார் அதிகாரி.

"பிரமாதம்! இதையே விற்பனைக்கு விடுங்க. எவனும் திருடாம ரெண்டு பூட்டாப் போடுங்க. குதிரையை இவங்களே ஓட வைக்கறாங்கன்னா, எழுதற பிரிவு நமக்கு எதுக்கு?"

ஓரமாக நின்ற அந்தப் பெண் என்னைப் பார்த்தாள். ஆனால் வேலை எனக்கும் வேண்டுமே! முதலாளி சொன்னதை எழுதிக்கொண்டேன். வெள்ளிக்கிழமை அவள் பையை எடுத்துக்கொண்டு போனாள். அதிகாரிக்குப் பதவி உயர்வு.

இரட்டைப் பூட்டு ஒரே நாளில் உடைந்தது. சுண்டெலிகள் விட்ட இந்தக் காப்பியில் குதிரை முன்னைவிட அழகாகத் தாண்டுகிறது. பள்ளத்துக்கு அப்பால் புதிதாக ஒரு புல்வெளிகூட இருக்கிறது. குதிரையை அப்படித் தாண்ட வைக்கத் தெரிந்தவள் ஒருத்திதான். சுண்டெலிகளிடம் சேர்ந்துவிட்டாள்.

எனக்கு எப்படித் தெரியுமென்றால், என் வீட்டில் ஓடுவது அதுதான். அதிகாரி வீட்டிலும் அதுதான். நான்தான் போட்டுக் கொடுத்தேன்.

எங்கள் இருவருக்கும் புகார் எதுவும் இல்லை.