நைட் ஷிப்ட் அண்ணனின் தூக்கம்

பினாங்குத் தீவிலேயே தூங்கத் தெரியாத ஒரே மனிதர் எங்கள் நைட் ஷிப்ட் அண்ணன்தான். முப்பது வருடம் தொழிற்சாலையில் இரவு வேலை பார்த்தவர். ஓய்வு பெற்றதும், இனி நாலு பேரைப் போல இரவில்தான் தூங்குவது என்று முடிவெடுத்தார். தூக்கம்தான் சம்மதிக்கவில்லை.

அவர் செய்யாத வைத்தியம் இல்லை. ஐஸ் வாளிக்குள் காலை விட்டுப் பார்த்தார். கட்டிலுக்கு அடியில் படுத்துப் பார்த்தார். ஒரு நாள் முழு டுரியான் பழத்தைத் தனியாளாகத் தின்று தீர்த்தார்.

“தூக்கம் வந்துச்சாண்ணே?” என்றேன்.

“எங்க லா! நாத்தத்துல ஒங்க அண்ணியும் சேந்து தூங்கல.”

சிரித்தோம். ஆனால் ஆள் நாளுக்கு நாள் இளைத்தார். அண்ணி கண்ணைத் துடைத்துக்கொண்டதை நானே பார்த்தேன், பாவம். சுங்கை பினாங் அடுக்குமாடியில் எங்கள் தளம் முழுக்க அவருக்காக டிவியை அடக்கி, செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நடந்தது.

அந்தச் சமயம் தீபாவளி விருந்தில் போட நாங்கள் ஒரு ஊமைப்படம் எடுத்தோம். வசனம் ஒருவருக்கும் மனப்பாடம் ஆகவில்லை, அதனால் ஊமை. தூக்கத்துக்கு வைத்தியம் தேடி அலைபவன் கதை. கதாநாயகனைத் தேடி அலையவேண்டிய அவசியமே இல்லை.

“நீங்க நடிக்கவே வேணாம்ணே. சும்மா படுங்க, போதும்.”

பட்டப்பகலில், அவர் வீட்டிலேயே படப்பிடிப்பு. குரல் பதிவாகப் போவதில்லை என்பதால் ஒருவரும் வாயை மூடவில்லை. நான் கைப்பேசியில் படம் பிடித்தபடியே கத்தினேன். பூசாரி வேடம் போட்ட எங்கள் தளத்து லாரி டிரைவர் வேப்பிலையால் அடித்து, எவர்சில்வர் தட்டைத் தட்டினார். அண்ணன் குறட்டை விட்டார்.

“என்னாமா நடிக்கிறாரு!” என்று வியந்தேன்.

நடிப்பில்லை. அசல் தூக்கம். “ஷ்ஷ்!” என்றார் டிரைவர். வீடே கப்சிப். உடனே அண்ணனின் புருவம் சுருங்கியது, இமை அசைந்தது. சமையலறையிலிருந்து அண்ணி பதறி ஓடி வந்தார்.

“ஐயோ, நிறுத்தாதீங்க லா! முப்பது வருஷமா பகல்ல, இந்த இரைச்சல்லதானே தூங்குனாரு!”

அவ்வளவுதான். தொண்டை கட்டும்வரை எல்லோரும் கத்தினோம். அண்ணி அழுதுகொண்டே தட்டைத் தட்டினார். அண்ணன் சாயங்காலம்வரை அசையவில்லை. படம் பாதியில் நின்றது, யாருக்கும் வருத்தமில்லை.

இப்போது அவர் கிள்ளானில், மகள் வீட்டில். அமைதியான தாமான் குடியிருப்பாம். சில மதியங்களில் ஃபோன் வரும். “தம்பி, எதையாச்சும் சத்தமா பேசு லா.” அலுவலகப் படிக்கட்டுக்குப் போய், மீன் விலை முதல் மேனேஜர் வரை எல்லாவற்றையும் கத்திச் சொல்வேன். கொஞ்ச நேரத்தில் குறட்டை கேட்கும். அதன் பிறகும் ஃபோனை வைக்க எனக்கு மனம் வருவதில்லை.